தேக்கடி ஏரிப் படகுப் பயணம்

தேக்கடி ஏரிப் படகுப் பயணம் என்பது, கம்பம் பள்ளத்தாக்கை ஒட்டி, கேரளத்தின் இடுக்கி மாவட்டத்தில் அமைந்துள்ள பெரியாறு நீர்த்தேக்கத்தில் வழிகாட்டிகளின் துணையுடன் மேற்கொள்ளப்படும் சுற்றுலாப் பயணம் ஆகும். பெரியகுளம், தேனி, போடி, கம்பம் ஆகிய ஊர்களிலிருந்து செல்வோர் ஒரே நாளில் சென்று திரும்பலாம். மலைமுகடுகள் நீரில் மூழ்காமல் எஞ்சி உருவான தீவுகள், அவற்றைச் சுற்றியுள்ள காடு, கரைக்கு நீர் அருந்த வரும் விலங்குகள் ஆகியவற்றைக் காண்பதே இப்பயணத்தின் நோக்கம். படகு மிதக்கும் இந்த நீர்தான் தேனி, திண்டுக்கல், மதுரை, சிவகங்கை, இராமநாதபுரம் ஆகிய ஐந்து மாவட்டங்களின் பாசனத்துக்கும் குடிநீருக்கும் பயன்படுகிறது. 2009-ஆம் ஆண்டில் 45 பேர் உயிரிழந்த படகு விபத்தும் இதே ஏரியில்தான் நிகழ்ந்தது. ஆகவே இப்பயணத்தை மேற்கொள்வோர் ஏரி உருவான விதத்தையும், அதன் நீர்மட்டம் மாறும் முறையையும், படகின் சமநிலையையும் அறிந்துகொள்வது அவசியம்.

அமைவிடமும் செல்லும் வழியும்

தேக்கடி, கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 900 மீட்டர் உயரத்தில் உள்ளது. பெரியகுளத்திலிருந்து தேனி, வீரபாண்டி, சின்னமனூர், உத்தமபாளையம், கம்பம், கூடலூர், லோயர் கேம்ப் வழியாக மலைப்பாதையில் ஏறினால் எல்லை ஊரான குமுளியை அடையலாம். இத்தொலைவு ஏறத்தாழ 80 கி.மீ. ஆகும். குமுளியிலிருந்து படகுத்துறை சுமார் 4 கி.மீ. தொலைவில் காட்டுக்குள் உள்ளது.

கூடலூர் வரை நெல் வயல்கள், தென்னந்தோப்புகள், திராட்சைப் பந்தல்கள் என்று பள்ளத்தாக்கு விரிந்து கிடக்கும். லோயர் கேம்பைத் தாண்டியதும் சாலை மலையில் வளைந்து ஏறும். ஏறும் வழியில் மலைச்சரிவில் இறங்கும் பெரிய இரும்புக் குழாய்களைக் காணலாம். ஏரியின் நீர் இக்குழாய்கள் வழியாகவே கீழே உள்ள மின்நிலையத்துக்கு வருகிறது. பயணி மேலே ஏறும் பாதையை ஒட்டியே, ஏரி நீர் கீழே இறங்கும் பாதையும் அமைந்துள்ளது.

லோயர் கேம்பில் பெரியாறு அணையைக் கட்டிய பொறியாளர் கர்னல் ஜான் பென்னிகுயிக்கின் மணிமண்டபம் உள்ளது. இது 2013 சனவரி 15 அன்று திறக்கப்பட்டது. அவரது பிறந்த நாளான அந்நாளில் கம்பம் பள்ளத்தாக்கு உழவர்கள் ஆண்டுதோறும் பொங்கல் வைத்து அவரை நினைவுகூர்கின்றனர். தேனி புதிய பேருந்து நிலையத்துக்கும் அவர் பெயரே சூட்டப்பட்டுள்ளது.

ஏரி உருவான வரலாறு

தேக்கடி ஏரி இயற்கையாக அமைந்த ஏரி அன்று. முல்லையாறும் பெரியாறும் கூடும் இடத்துக்குக் கீழே கட்டப்பட்ட அணையால் உருவான நீர்த்தேக்கம் இது. பெரியாறு மேற்குத் தொடர்ச்சி மலையில் தோன்றி மேற்கு நோக்கி ஓடி அரபிக்கடலில் கலக்கும் ஆறு. மலையின் மேற்குச் சரிவில் மழை மிகுதி. கிழக்குச் சரிவில் உள்ள பகுதி மழை மறைவு நிலம். மேற்கே ஓடும் நீரில் ஒரு பகுதியைக் கிழக்கே திருப்பி வைகையில் சேர்த்தால் மதுரைச் சீமையின் வறட்சி தீரும் என்ற எண்ணம் 18-ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே இருந்தது. 1876 முதல் 1878 வரை தென்னிந்தியாவை வாட்டிய பெரும் பஞ்சத்துக்குப் பிறகு அத்திட்டம் விரைவு பெற்றது.

1886 அக்டோபர் 29 அன்று திருவிதாங்கூர் அரசுக்கும் பிரித்தானிய இந்திய அரசுக்கும் இடையே 999 ஆண்டுக் குத்தகை ஒப்பந்தம் கையெழுத்தானது. நீர் தேங்கும் பரப்புக்காக 8,000 ஏக்கர் நிலம் ஏக்கருக்கு ஆண்டுக்கு 5 ரூபாய் வீதம் குத்தகைக்கு விடப்பட்டது. 1887-இல் கட்டுமானம் தொடங்கியது. அடர்ந்த காடு, காட்டாற்று வெள்ளம், மலேரியாக் காய்ச்சல், காட்டு விலங்குகள் என்று பல இடர்களுக்கிடையே பணி நடந்தது. கட்டிய பகுதிகளை வெள்ளம் அடித்துச் சென்ற பின்னும் பணி கைவிடப்படவில்லை. தொழிலாளர்கள் நூற்றுக்கணக்கில் நோயாலும் விபத்தாலும் மாண்டனர். சுண்ணாம்பும் சுர்க்கியும் கலந்த காரையும் கருங்கல்லும் கொண்டு கட்டப்பட்ட அணை 1895 அக்டோபர் 10 அன்று சென்னை மாகாண ஆளுநர் வென்லாக் பிரபுவால் திறந்து வைக்கப்பட்டது.

அணை கேரள எல்லைக்குள் இருந்தாலும், ஒப்பந்தப்படி அதை இயக்கிப் பராமரிப்பது தமிழகத்தின் பொறுப்பு. அணைப் பணிக்குச் செல்லும் தமிழக அலுவலர்களும் தேக்கடியிலிருந்து ஏரி வழியே படகில் செல்வது வழக்கம்.

தீவுகளும் பட்டமரங்களும்

மேடு பள்ளமான ஒரு மலைப்பகுதியில் நீர் தேங்கினால் பள்ளங்கள் மட்டும் நிரம்பும். மேடுகள் நீருக்கு மேலே நிற்கும். இதை வகுப்பறையிலேயே செய்து பார்க்கலாம். ஓர் அகலமான தட்டில் களிமண்ணால் சில குன்றுகளையும் அவற்றை இணைக்கும் தாழ்வான மேடுகளையும் அமைத்து, மெல்ல நீர் ஊற்ற வேண்டும். முதலில் பள்ளங்கள் நிரம்பி, நீர்ப்பரப்பு மரக்கிளைகளைப் போலப் பிரிந்து பரவும். பின்னர் தாழ்வான மேடுகள் மூழ்கி, குன்றுகள் தனித்தனித் தீவுகளாகும். நீரைச் சிறிது வடித்தால் அத்தீவுகள் மீண்டும் கரையோடு இணையும். தேக்கடியில் நடப்பதும் இதுவே.

ஏரியின் பரப்பு ஏறத்தாழ 26 சதுர கி.மீ. ஆகும். ஆனால் படகிலிருந்து பார்ப்பவருக்கு அப்பரப்பு முழுவதும் ஒருசேரத் தெரியாது. ஒரு வளைவைக் கடந்தால் இன்னொரு கிளை, அதைக் கடந்தால் மற்றொரு மேடு என்று காட்சி மாறிக்கொண்டே இருக்கும். மழைக்காலத்தில் தீவாகத் தெரியும் மேடு, கோடையில் மூன்று பக்கம் மட்டும் நீர் சூழ்ந்த தீபகற்பமாக மாறியிருக்கலாம். திருவிதாங்கூர் அரச குடும்பத்தின் கோடை மாளிகையாக இருந்து இன்று விடுதியாக உள்ள எடப்பாளையம் ஏரி மாளிகை, இவ்வாறு நீர் சூழ்ந்த ஒரு நில முனையில் அமைந்து, படகில் சென்று அடையும் இடமாக உள்ளது.

நீரிலிருந்து கரிய தூண்களைப் போல நிற்கும் பட்டமரங்கள் இந்த ஏரியின் அடையாளம். அணை கட்டப்பட்டபோது நீரில் மூழ்கிய காட்டு மரங்களின் எச்சங்களே இவை. ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக இவை நிற்பதற்குக் காரணம் உண்டு. மரத்தை மக்கச் செய்யும் பூஞ்சைகளுக்கு ஆக்சிஜன் தேவை. ஆழ்நீரில் ஆக்சிஜன் குறைவு என்பதால் அங்குள்ள பகுதி மிக மெதுவாகவே சிதைகிறது. வைரம் பாய்ந்த மரங்கள் இன்னும் நீண்ட காலம் தாங்கும். நீர்க்காகமும் பாம்புத்தாராவும் இவற்றின் உச்சியில் அமர்ந்து சிறகுகளை உலர்த்துவதைப் பயணிகள் எளிதில் காணலாம். பட்டமரங்களால் ஆபத்தும் உண்டு. நீர்மட்டத்துக்குச் சற்றுக் கீழே மறைந்திருக்கும் அடிமரங்கள் படகின் அடிப்பகுதியைக் கிழிக்கக்கூடும். எனவேதான் சுற்றுலாப் படகுகள் பழகிய தடத்திலேயே செல்கின்றன.

அணையால் உருவான தீவுகள் வெப்பமண்டல நாடுகள் பலவற்றில் உள்ளன. பனாமா கால்வாய்க்காக உருவாக்கப்பட்ட கட்டூன் ஏரியில் எஞ்சிய மலைமுகடு பாரோ கொலராடோ தீவாயிற்று. 1923 முதல் அங்கு வெப்பமண்டலக் காடுகள் பற்றிய ஆராய்ச்சி நடைபெற்று வருகிறது. தாய்லாந்தின் சியாவ் லான் ஏரியும் 1980களில் அணை கட்டியதால் உருவானதே. அங்குள்ள சிறு தீவுகளை ஆராய்ந்தவர்கள், நீர் சூழ்ந்த 25 ஆண்டுகளுக்குள் அவற்றிலிருந்த சிறு பாலூட்டி விலங்குகள் ஏறத்தாழ முழுவதும் அழிந்துவிட்டதை 2013-இல் வெளியிட்டனர். பரந்த காட்டிலிருந்து துண்டிக்கப்பட்ட சிறு நிலத்தில் உயிரினங்கள் நெடுநாள் தாக்குப்பிடிப்பது கடினம் என்பதை இது காட்டுகிறது. தேக்கடியைச் சுற்றியுள்ள காடு துண்டுபடாமல் பெரும்பரப்பாகப் பாதுகாக்கப்படுவதன் முக்கியத்துவமும் இதனால் விளங்கும்.

நீர்மட்டத்தைப் படிக்கும் முறை

தேனி மாவட்டத்தில் வெளியாகும் நாளிதழ்களில் அணை நீர்மட்டம் நாள்தோறும் இடம்பெறும். உழவர்கள் முதலில் பார்க்கும் செய்தி அது. தேக்கடிக்குச் செல்பவருக்கும் அதே எண் பயன்படும். பெரியாறு அணையில் முக்கியமான நீர்மட்ட அளவுகள் பின்வருமாறு:

152 அடி: அணையின் முழுக் கொள்ளளவுக்கான மட்டம்.

142 அடி: 2014 மே 7 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பின்படி தேக்கிக்கொள்ள அனுமதிக்கப்பட்ட மட்டம்.

136 அடி: அணையின் பாதுகாப்புக் குறித்து எழுந்த ஐயத்தால் 1979 முதல் நீண்ட காலம் கடைப்பிடிக்கப்பட்ட மட்டம்.

104 அடி: தமிழகத்துக்கு நீர் எடுக்கும் வாயிலின் அடிமட்டம். நீர் இதற்குக் கீழே சென்றால் கிழக்கே ஒரு சொட்டும் வராது.

இந்த எண்கள் அணை அமைந்துள்ள இடத்தில் அளக்கப்படுபவை. ஏரியின் எல்லா இடத்திலும் அவ்வளவு ஆழம் இருப்பதாகப் பொருள் கொள்ளக்கூடாது. தேக்கடிப் பகுதியின் தரை, அணையின் அடியை விட மிகவும் உயரமானது. எடுத்துக்காட்டாக, நீர்மட்டம் 130 அடி என்று செய்தி வந்தால், தேக்கடியில் நீர் எடுக்கும் வாயிலின் அடிமட்டத்துக்கு மேல் 130 - 104 = 26 அடி நீர் இருக்கிறது என்றே கணக்கிட வேண்டும். கம்பம் பள்ளத்தாக்குக்குப் பயன்படும் நீரும் இந்த 26 அடிக்குள் அடங்கியதுதான்.

பயணக் காட்சியும் இந்த எண்ணைப் பொறுத்து மாறும். நீர்மட்டம் உயர்ந்திருக்கும்போது ஏரி அகன்று, நீர் காட்டின் ஓரத்தைத் தொடும். தீவுகள் சிறியனவாகவும் பசுமையாகவும் இருக்கும். பட்டமரங்கள் பல மூழ்கியிருக்கும். விலங்குகள் மரங்களின் மறைவிலேயே நின்றுவிடும். நீர்மட்டம் குறையும்போது கரையோரம் சேறும் புல்வெளியும் வெளிப்படும். புல்லையும் நீரையும் நாடி விலங்குகள் திறந்த வெளிக்கு வரும். ஆகவே விலங்குகளைக் காண விரும்புவோருக்கு மார்ச் முதல் மே வரையிலான காலமும், நிறைந்த ஏரியைக் காண விரும்புவோருக்கு அக்டோபர் முதல் டிசம்பர் வரையிலான காலமும் ஏற்றவை. கடும் வறட்சியில் பெரிய படகுகளின் இயக்கம் குறைக்கப்படுவதும், கனமழையின்போது பயணம் நிறுத்தப்படுவதும் உண்டு.

ஒரே எண்ணைப் பார்த்து ஒருவர் மகிழ்வதும் மற்றவர் வருந்துவதும் இங்கு இயல்பு. கரையில் யானைக் கூட்டம் தெளிவாகத் தெரியும் கோடையில், பள்ளத்தாக்கின் உழவர் முதல் போக நெல்லுக்கு நீர் திறப்பார்களா என்று வானத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

படகுப் பயணம்

கேரள சுற்றுலா வளர்ச்சிக் கழகமும் கேரள வனத்துறையும் தேக்கடியில் படகுகளை இயக்குகின்றன. வழக்கமாகக் காலை 7.30 மணி முதல் பிற்பகல் 3.30 மணி வரை நாளொன்றுக்கு ஐந்து முறை படகுகள் புறப்படும். ஒரு பயணம் ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம் நீடிக்கும். இப்பயணத்தில் தீவுகளில் இறங்க அனுமதி இல்லை. படகிலிருந்தபடியே காண வேண்டும். விடுமுறை நாட்களில் கூட்டம் மிகுதி என்பதால் முன்பதிவு செய்துகொள்வது நல்லது. அடையாள அட்டையை உடன் கொண்டு செல்ல வேண்டும்.

பெரியகுளத்திலிருந்து காலை முதல் படகைப் பிடிக்க வேண்டுமானால், விடியலுக்கு முன் 4 மணி அளவில் புறப்பட வேண்டும். அல்லது முதல்நாளே குமுளியில் தங்கலாம். காலை முதல் படகும் பிற்பகல் கடைசிப் படகும் விலங்குகளைக் காண ஏற்றவை. நடுப்பகல் வெயிலில் பெரும்பாலான விலங்குகள் நிழலில் ஒதுங்கிவிடும்.

யானை, காட்டெருமை, மிளா, காட்டுப்பன்றி, செந்நாய், நீர்நாய், கருமந்தி ஆகியவை இப்பகுதியில் வாழ்கின்றன. யானைகள் ஒரு கரையிலிருந்து மறு கரைக்கு நீந்திச் செல்வதும் உண்டு. அப்போது நெற்றியும் உயர்த்திய தும்பிக்கையும் மட்டுமே நீருக்கு மேலே தெரியும். இது புலிகள் காப்பகம் என்றாலும் படகிலிருந்து புலியைக் காண்பது மிக அரிது. ஒருநாள் எல்லாம் தெரியும். மறுநாள் பறவைகள் மட்டுமே தெரியும். விலங்குக்காட்சிச் சாலைக்குச் செல்வதைப் போன்ற எதிர்பார்ப்புடன் வருவோர் ஏமாற்றம் அடைவர்.

மூங்கில் தெப்பப் பயணமும் வழிகாட்டிகளும்

ஏரியை முழு நாளும் நெருக்கமாகக் காண விரும்புவோருக்கு, பெரியாறு புலிகள் காப்பகம் நடத்தும் மூங்கில் தெப்பப் பயணம் உள்ளது. சுமார் பத்துப் பேர் கொண்ட சிறு குழு காலை 8 மணி அளவில் புறப்படும். உடன் வழிகாட்டிகளும் ஆயுதம் ஏந்திய வனக்காவலர் ஒருவரும் செல்வர். காட்டுப்பாதையில் நடந்து, ஏரியின் கிளை ஒன்றை அடைந்து, மூங்கில்களைப் பிணைத்த தெப்பத்தில் துடுப்புப் போட்டுச் செல்ல வேண்டும். இடையில் கரையில் இறங்கி உணவு உண்டு, மீண்டும் தெப்பத்திலும் நடையிலுமாக மாலையில் திரும்புவர். இயந்திர ஒலி இல்லாததால் பறவைகளும் விலங்குகளும் எளிதில் கலைவதில்லை. மழைக்காலத்தில் அட்டைக்கடி மிகுதி. அதைத் தடுக்கும் துணி உறைகளைக் கால்களில் அணிந்துகொள்ள வேண்டும்.

இப்பயணத்தின் தனிச்சிறப்பு அதன் வழிகாட்டிகளே. பெரியாற்றுக் காடுகளில் ஒரு காலத்தில் வயணா என்னும் காட்டு இலவங்க மரத்தின் பட்டையைத் திருட்டுத்தனமாக உரித்து விற்பவர்கள் பலர் இருந்தனர். பட்டையை முழுவதும் உரித்தால் மரம் பட்டுப்போகும். அவர்கள் கைதாவதும் வெளியே வந்து மீண்டும் காட்டுக்குள் நுழைவதும் தொடர்கதையாக இருந்தது. 1990களின் பிற்பகுதியில், உலக வங்கியின் உதவியுடன் நடைபெற்ற சூழல் மேம்பாட்டுத் திட்டத்தின்போது வனத்துறை வேறொரு வழியைக் கண்டது. வயணாப் பட்டை உரித்துவந்தவர்களைக் கொண்டே ஒரு சூழல் மேம்பாட்டுக் குழு அமைக்கப்பட்டது. அவர்கள் சுற்றுலாப் பயணிகளுக்கு வழிகாட்டிகளாகவும் காட்டைக் கண்காணிப்பவர்களாகவும் மாறினர்.

எந்த ஓடையில் எந்த மாதம் யானை இறங்கும், எந்த மேட்டில் நின்றால் காற்று மனித வாடையை விலங்கிடம் கொண்டு சேர்க்காது என்பதெல்லாம் ஒளிந்து திரிந்த காலத்தில் அவர்கள் கற்றவை. காட்டை அழிக்கப் பயன்பட்ட அறிவு காட்டைக் காக்கப் பயன்பட்டது; அத்துடன் அவர்களுக்கு நிலையான வருமானமும் ஊரில் மதிப்பும் கிடைத்தன. குமுளியை ஒட்டி வாழும் மன்னான், பளியர் பழங்குடி மக்களும் வழிகாட்டும் பணியில் ஈடுபட்டுள்ளனர். வசந்த சேனை என்ற பெண்கள் குழுவினர் ஊதியம் பெறாமல் சந்தன மரங்கள் உள்ள பகுதிகளில் காவல் சுற்றி வருகின்றனர். பயணி செலுத்தும் கட்டணத்தின் ஒரு பகுதி இவ்வாறு காட்டைச் சார்ந்து வாழ்வோரைச் சென்றடைகிறது.

ஜலகன்னிகா விபத்து

2009 செப்டம்பர் 30 அன்று மாலை, கேரள சுற்றுலா வளர்ச்சிக் கழகத்தின் ஜலகன்னிகா என்ற ஈரடுக்குப் படகு தேக்கடி ஏரியில் மணக்கவலை என்ற இடத்தருகே கவிழ்ந்தது. கண்ணாடி இழையால் செய்யப்பட்ட அப்படகு பயன்பாட்டுக்கு வந்து சில வாரங்களே ஆகியிருந்தன. 75 பேர் செல்லக்கூடிய அதில் 80-க்கும் மேற்பட்டோர் இருந்தனர். 45 பேர் உயிரிழந்தனர். அவர்களுள் பெரும்பாலோர் தமிழகம் உள்ளிட்ட பிற மாநிலங்களிலிருந்து வந்திருந்த பயணிகள்.

கரையில் தெரிந்த விலங்குகளைக் காணப் பயணிகள் பலர் ஒரே பக்கமாகச் சென்றதாகத் தப்பியவர்கள் கூறினர். படகின் சமநிலைக் குறைபாடு, அளவுக்கு மீறிய ஆட்கள், பயணிகள் உயிர்காப்பு அங்கி அணிந்திராமை ஆகியவையும் காரணங்களாகச் சுட்டப்பட்டன. விபத்தை விசாரிக்க நீதிபதி மொய்தீன்குஞ்சு தலைமையில் ஆணையம் அமைக்கப்பட்டது. இதன் பின்னரே தேக்கடியில் உயிர்காப்பு அங்கி அணிவதும், ஒதுக்கப்பட்ட இருக்கையில் அமர்ந்திருப்பதும் கட்டாயமாக்கப்பட்டன.

14 ஆண்டுகள் கழித்து, 2023 மே 7 அன்று கேரளத்தின் தானூரில் மற்றோர் ஈரடுக்குச் சுற்றுலாப் படகு கவிழ்ந்து 22 பேர் மாண்டனர். அங்கும் அளவுக்கு மீறிய ஆட்கள் ஏற்றப்பட்டிருந்தனர்.

படகு ஏன் கவிழ்கிறது

வைக்கோல் வண்டியில் பாரத்தை உயரமாக அடுக்கினால், சாலை வளைவில் அது எளிதில் சாயும். அதே எடையுள்ள நெல் மூட்டைகளை வண்டியின் தளத்தில் பரப்பி வைத்தால் சாயாது. எடை ஒன்றே, அது இருக்கும் உயரம் வேறு. ஒரு பொருளின் எடை முழுவதும் குவிந்திருப்பதாகக் கொள்ளப்படும் புள்ளி ஈர்ப்பு மையம் எனப்படும். அது தாழ்வாக இருந்தால் பொருள் நிலையாக நிற்கும். உயர்ந்தால் நிலைத்தன்மை குறையும். ஈரடுக்குப் படகின் மேல்தளத்தில் மிகுதியானோர் நின்றால் படகின் ஈர்ப்பு மையம் உயர்கிறது. உட்கார்ந்திருப்பவர்கள் எழுந்து நின்றாலே அது மேலும் உயரும்.

இரண்டாவது காரணம் எடை ஒரு பக்கமாக நகர்வது. மேல்தளத்தில் உள்ள 30 பேர் ஒரு பக்கத்திலிருந்து மறு பக்கத்துக்குச் செல்வதாகக் கொள்வோம். ஒருவரின் சராசரி எடை 60 கிலோ என்றால், 1,800 கிலோ எடை சில நொடிகளில் இடம் மாறுகிறது. படகு அந்தப் பக்கம் சாய்கிறது. நீரில் அமிழ்ந்த பக்கம் கூடுதலான மேல்நோக்கு விசையைப் பெற்றுப் படகை நிமிர்த்த முயலும். ஆனால் நிமிர்த்தும் விசைக்கும் எல்லை உண்டு. சாய்வு ஓர் அளவைத் தாண்டினால், நிமிர்த்தும் விளைவைக் காட்டிலும் கவிழ்க்கும் விளைவு மிகும். நிற்பவர்களும் சறுக்கி அதே பக்கம் விழுவதால் சாய்வு இன்னும் கூடும். அந்த நேரத்தில் படகு வளைந்து திரும்பினால் ஆபத்து இரட்டிப்பாகும். சாயத் தொடங்குவதற்கும் கவிழ்வதற்கும் இடையே யோசிக்க நேரம் கிடைப்பதில்லை.

மூன்றாவது, உயிர்காப்பு அங்கியின் பயன். மனித உடலின் அடர்த்தி ஏறத்தாழ நீரின் அடர்த்திக்குச் சமம். ஆகவே வாயையும் மூக்கையும் நீருக்கு மேலே வைத்திருக்கச் சில கிலோ எடைக்கு ஈடான மிதப்பு விசை கூடுதலாகக் கிடைத்தால் போதும். அங்கி அதைத் தருகிறது. நீச்சல் தெரிந்தவருக்கும் இது தேவை. திடீரென நீரில் விழும்போது ஏற்படும் அதிர்ச்சியும், பிறர் பற்றிக்கொள்வதும், உடையின் சுமையும் நீந்த விடாது. இருக்கைக்கு அடியில் வைத்திருக்கும் அங்கியைப் படகு கவிழும்போது எடுத்து அணிய இயலாது. ஏறும்போதே அணிந்து, எல்லாப் பட்டைகளையும் இறுக்கிக் கட்டியிருக்க வேண்டும். குழந்தைகளுக்குப் பெரியவர்களின் அங்கியை அணிவித்தால் அது தலை வழியே கழன்றுவிடும். அவர்களின் அளவுக்கு உரியதைக் கேட்டுப் பெற வேண்டும்.

பயணிகள் கடைப்பிடிக்க வேண்டியவை

1. படகில் எழுதப்பட்டுள்ள ஆள் எண்ணிக்கையைப் பார்க்க வேண்டும். அதற்கு மேல் ஆட்கள் ஏற்றப்பட்டால் அப்படகில் ஏற மறுக்க வேண்டும்.

2. உயிர்காப்பு அங்கியை ஏறும்போதே அணிந்து, இறங்கும் வரை கழற்றாமல் இருக்க வேண்டும்.

3. யானையே தெரிந்தாலும் இருக்கையை விட்டு எழக்கூடாது. படகோட்டி படகைத் திருப்பி இரு பக்கத்தவருக்கும் காட்டுவார்.

4. பள்ளிச் சுற்றுலாவாக வருவோர், பிள்ளைகளின் பெயர்ப் பட்டியலை ஒரு படி கரையில் இருப்பவரிடம் கொடுத்துவிட்டு ஏற வேண்டும். ஒவ்வொரு பத்துப் பிள்ளைகளுக்கும் ஓர் ஆசிரியரைப் பொறுப்பாக்குவது நல்லது.

5. உரக்கப் பேசுதல், பாட்டுப் போடுதல், உணவை நீரில் எறிதல் ஆகியவற்றைத் தவிர்க்க வேண்டும். நெகிழிப் பொருட்களைக் கொண்டுசெல்லக்கூடாது.

6. பச்சை, பழுப்பு போன்ற மங்கிய நிற உடைகளை அணியலாம். அதிகாலைக் குளிருக்குப் போர்வையும், சாரலுக்கு மழைச்சட்டையும் தேவைப்படும்.

7. தெப்பப் பயணத்தில் வழிகாட்டி நிற்கச் சொன்னால் நிற்க வேண்டும்; திரும்பச் சொன்னால் திரும்ப வேண்டும். காரணத்தைப் பிறகு கேட்டுக்கொள்ளலாம்.

ஏரி நீர் செல்லும் வழி

தேக்கடி ஏரியின் கிழக்கு ஓரத்தில் நீர் ஒரு வெட்டு வாய்க்கால் வழியாகச் சென்று, மலையைக் குடைந்து அமைத்த சுரங்கத்துக்குள் நுழைகிறது. மலையின் மறுபுறம் வெளிப்பட்டு, குழாய்கள் வழியாக லோயர் கேம்ப் மின்நிலையத்தில் நான்கு மின்னாக்கிகளைச் சுழற்றுகிறது. பின்னர் முல்லைப் பெரியாறாகக் கூடலூர், கம்பம், உத்தமபாளையம், சின்னமனூர், வீரபாண்டி ஆகிய ஊர்களைக் கடந்து, தேனிக்கு அருகே வைகையில் சேர்கிறது. கம்பம் பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கர் இருபோக நெல் நிலம் இந்நீரை நம்பியுள்ளது. நீர் இருப்பு போதுமானதாக இருக்கும் ஆண்டுகளில் சூன் முதல் நாளில் முதல் போகத்துக்கு நீர் திறப்பது வழக்கம். வைகை அணையில் தேங்கும் நீர் மதுரைக்கும் அதற்கு அப்பால் உள்ள மாவட்டங்களுக்கும் செல்கிறது.

தேக்கடியிலிருந்து மாலையில் திரும்புவோர் உத்தமபாளையத்திலோ வீரபாண்டியிலோ சாலையை ஒட்டி ஓடும் ஆற்றைக் காணலாம். வீரபாண்டிக் கௌமாரியம்மன் திருவிழாவில் பக்தர்கள் நீராடும் ஆறும் இதுவே. காலையில் படகைத் தாங்கிய ஏரியின் நீர்தான் இங்கு வாய்க்கால்களில் பிரிந்து வயலுக்குப் பாய்கிறது. ஏரியில் எறியப்படும் ஒரு நெகிழிப் பையும் அழுக்கும் பள்ளத்தாக்கின் குடிநீரைக் கெடுப்பதால், ஏரியைத் தூய்மையாக வைத்திருப்பது மலை மேலுள்ளவர்களின் கடமை மட்டும் ஆகாது. அங்கு செல்லும் ஒவ்வொரு தேனி மாவட்டப் பயணிக்கும் அதில் பங்கு உண்டு.